இரண்டாம் பிரதிவாதி

2024 பிப்ரவரி 12, திங்கள்

காலை முழுக்க சிதம்பரம் சார்பதிவாளர் அலுவலகத்தில் நின்றேன். அப்பா வீட்டை என் பேரில் தான செட்டில்மெண்ட் எழுதிக் கொடுத்துவிட்டார். போட்டோ எடுத்தார்கள், கைரேகை வைத்தோம், பேர் கூப்பிட்டார்கள், முடிந்துபோனது. ஒரே பிள்ளை நீ, எனக்கப்புறம் வரப்போறது இப்பவே வரட்டும் என்றார். அம்மா இருந்திருந்தால் ஒரு புடவையாவது எடுத்துக் கொடுத்திருப்பாள்.

வெளியே டீ குடிக்கும்போது ஒன்றே ஒன்று கேட்டேன். அதே வீட்டுப் பின்கட்டில் மெஸ் நடத்தும் கொளஞ்சி அத்தைக்கு இது தெரியுமா? அப்பாவின் கூடப்பிறந்தவள் அவள் ஒருத்திதான். அப்பா கிளாஸைக் கீழே வைத்துவிட்டு, அதெல்லாம் பேசிக்கலாம் என்றார்.

கடலூருக்குத் திரும்பும் பஸ்ஸில் ஜன்னலோரம் இடம் கிடைத்தது. என் பேரில் ஒரு வீடு. தானாகச் சிரிப்பு வந்தது. பக்கத்து சீட்டு அம்மா என்னை ஒரு மாதிரி பார்த்தாள்.

பிப்ரவரி 13

என் வீட்டுக்காரர் ஷிப்ட் முடிந்து வந்து பத்திரத்தை முழுக்கப் படித்தார். படித்து முடிப்பதற்குள் நாலு தடவை இருமல்.

மார்ச் 3, ஞாயிறு

அத்தை போனை எடுக்கவில்லை. போன ஞாயிறும் எடுக்கவில்லை. மதியச் சாப்பாட்டுக் கூட்டம் முடிந்ததும் அவளே கூப்பிடுவாள். கல்லூரிப் பையன்கள் என்ன சேட்டை செய்தார்கள், யார் ரசத்தைக் குறை சொன்னான் என்று அரை மணி நேரம் ஓடும். உடம்பு ஏதும் சரியில்லையோ? அப்பாவைக் கேட்டால் நல்லாத்தான் இருக்கா என்று வைத்துவிட்டார்.

ஏப்ரல் 4, வியாழன்

பிசியோதெரபி க்ளினிக்கில் ஒரு பெரியவருக்கு முழங்கால் பயிற்சி கொடுத்துக்கொண்டிருந்தேன். கோர்ட்டிலிருந்து ஆள் வந்திருப்பதாக ரிசப்ஷனில் சொன்னார்கள். கையெழுத்துப் போட்டு வாங்கினேன்.

அத்தை அப்பா மேல் பாகப்பிரிவினை வழக்குப் போட்டிருக்கிறாள். போன அக்டோபரிலேயே. தாத்தா உயில் எழுதாமல் போனவர், வீட்டில் தனக்குச் சரிபாதி வேண்டும் என்று. இப்போது புதிதாக இரண்டு மனு. ஒன்று, சொத்து என் பேருக்கு மாறிவிட்டதால் என்னையும் வழக்கில் சேர்க்க வேண்டும். இன்னொன்று, வழக்கு முடியும்வரை நானும் அப்பாவும் வீட்டை யாருக்கும் விற்கக் கூடாது என்று தடை கொடுக்க வேண்டும். விசாரணை பதினாறாம் தேதி.

சேர்க்கப்பட வேண்டிய இரண்டாம் பிரதிவாதி: சத்யப்பிரியா, வயது 32, கணவர் பெயர் இளவரசு.

அக்டோபர்ல கேஸ். பிப்ரவரில எனக்கு எழுதிக் குடுக்குறாரு. அப்ப அப்பாவுக்குத் தெரியும். தெரிஞ்சேதான் என்னைக் கூட்டிட்டுப் போய் கைரேகை வைக்க வெச்சாரு. நான் பஸ்ல சிரிச்சிக்கிட்டே வந்திருக்கேன்.

மிச்ச பேஷண்ட்டுகளை எப்படிப் பார்த்தேன் என்று தெரியவில்லை.

ஏப்ரல் 7, ஞாயிறு

சிதம்பரம் போய் வந்தேன். அப்பா கொஞ்சமும் தடுமாறவில்லை. மின்வாரியத்தில் போர்மேனாக இருந்தவர், எதையும் வேலை முடிந்த பிறகுதான் சொல்வார். முடிதிருத்தும் கடையில் உட்கார்ந்திருக்கும்போது சம்மன் வந்ததாம், ஊரே பார்த்ததாம். தாத்தா படுக்கையில் கிடந்த வருஷங்களில் மலம் மூத்திரம் அள்ளியது தான்தான், அப்போது பங்கு கேட்க யாரும் வரவில்லை என்றார். அத்தை அப்போது புருஷன் வீட்டில், பெரியகுப்பத்தில் இருந்தாள். அதைச் சொன்னேன். காதில் வாங்கவில்லை.

அதைவிடப் பெரியது இனிமேல்தான். புதுச்சேரிக்காரர் ஒருவர் வீட்டைக் கேட்கிறாராம். இடித்துவிட்டு லாட்ஜ் கட்ட. பதினைந்தாம் தேதி நான் வந்து கிரய ஒப்பந்தத்தில் கையெழுத்துப் போட வேண்டும்.

"பதினாறுக்கு முன்னாடி முடிச்சிட்டா, அப்புறம் கோர்ட்டு எதுக்குத் தடை குடுக்கும்? யாருக்குக் குடுக்கும்? நீ வந்து கையெழுத்த மட்டும் போடு பாப்பா."

பின்கட்டில் கிரைண்டர் ஓடிக்கொண்டிருந்தது. இருபது அடி தூரம். அத்தையைப் பார்க்கப் போகவில்லை. என்ன முகத்தோடு போவது?

ஏப்ரல் 9

இவரிடம் சொன்னேன். குடிகாட்டுப் பக்கம் கெமிக்கல் கம்பெனியில் ஆபரேட்டராகச் சேர்ந்தபோது இவருக்கு இருமல் கிடையாது. வேலையை விட்டுவிட்டு பம்ப்செட் மோட்டார் ரிப்பேர்க் கடை வைக்க வேண்டும் என்பது ரொம்ப நாள் ஆசை. வீடு விற்றால் அது நடக்கும். அதை அவர் வாய் திறந்து சொல்லவில்லை.

"போடுன்னு நான் சொல்ல மாட்டேன் பிரியா. போடாதன்னும் சொல்லல. ஆனா ஒண்ணு, அந்த நாத்தம் இல்லாத எடத்துல வேலை செய்யணும்னு இருக்குது."

கம்பெனிச் சட்டையைக் கழற்றிக் கொடுத்துவிட்டுக் குளிக்கப் போனார். சட்டையைத் தனியாகத்தான் ஊற வைக்கிறேன், இருந்தும் வாடை போவதில்லை.

ஏப்ரல் 14

வருஷப் பிறப்பு. வடை பாயசம். அப்பாவிடம் வருகிறேன் என்று சொல்லிவிட்டேன்.

ஏப்ரல் 15, திங்கள்

நடந்ததை நடந்தபடி எழுதி வைக்கிறேன்.

பத்திரம் எழுதுபவர் கடையில் அப்பா, புதுச்சேரிக்காரர், அவருடைய ஆள் ஒருவர். எல்லோருக்கும் லெமன் ஜூஸ் வந்தது. புதுச்சேரிக்காரர் நல்ல மாதிரியாகத்தான் பேசினார். அத்தையின் வழக்கைப் பற்றி அவருக்கு அப்பா சொன்னாரா இல்லையா என்று எனக்குத் தெரியவில்லை. எழுத்தர் ஒப்பந்தத்தை வேகமாக வாசித்தார். நான் கொடுங்கள் என்று வாங்கி நானே படித்தேன்.

நாலாவது பக்கம். 'மேற்படி சொத்தின் பேரில் யாதொரு வழக்கோ வில்லங்கமோ கிடையாதென்று எழுதிக் கொடுப்பவர் உறுதி கூறுகிறார்.' எழுதிக் கொடுப்பவர் நான். கோர்ட் நோட்டீஸ் என் கைப்பையிலேயே இருக்கிறது.

அப்பாவைப் பார்த்தேன். அவர் ஜூஸ் கிளாஸைப் பார்த்துக்கொண்டிருந்தார். அதில்தான் தெரிந்தது, அந்த வரி அங்கே இருப்பது அவருக்கும் தெரியும்.

பாத்ரூம் போய்விட்டு வருகிறேன் என்று எழுந்தேன். கடைக்குப் பின்னால் பாத்ரூம். நான் முன்வாசல் வழியாக இறங்கி பஸ் ஸ்டாண்டுக்கு நடந்தேன். திரும்பிப் பார்க்கவில்லை. கடலூர் பஸ் கிளம்பிக்கொண்டிருந்தது, ஓடி ஏறினேன். புதுச்சத்திரம் வரும் வரை போன் அடித்துக்கொண்டே இருந்தது. பிறகு நின்றுவிட்டது.

முப்பத்திரண்டு வயசாச்சு எனக்கு. ஸ்கூல்ல இருந்து தப்பிச்சு வர்ற மாதிரி ஓடி வந்திருக்கேன். நேரா நின்னு, மாட்டேம்ப்பான்னு ஒரு வார்த்தை சொல்ல முடியல. அந்த ஆளுங்க முன்னாடி அப்பா என்ன பதில் சொல்லியிருப்பாரு? எவ்வளவு நேரம் வாசலையே பாத்துக்கிட்டு உக்காந்திருந்தாரு?

ஏப்ரல் 16, செவ்வாய்

மதியம் அப்பா போன் செய்தார். திட்டவில்லை. கோர்ட்டில் தடை கொடுத்துவிட்டார்கள் என்று மட்டும் சொன்னார். அடுத்த விசாரணை வரை விற்கவோ, அடமானம் வைக்கவோ, இடிக்கவோ கூடாது. அப்பாவும் கூடாது, நானும் கூடாது.

"இனிமே நீ போடணும்னு நெனச்சாலும் போட முடியாது" என்றார்.

போனை வைத்துவிட்டு எக்சர்சைஸ் ரூம் பாயில் உட்கார்ந்தேன். அழுகை வரும் என்று நினைத்தேன். வந்தது பெருமூச்சு. ஒரு வாரமாகப் பிடித்துக்கொண்டிருந்த கழுத்து தளர்ந்தது. பேஷண்ட்டுக்கு மூச்சை இழுத்து விடுங்கள் என்று சொல்வேனே, அப்படி.

தடை எனக்கு எதிராகத்தான். வழக்குப் போட்டது அத்தை, மாட்டிக்கொண்டது நான். ஆனால் இன்றைக்கு ராத்திரி என் போனை எடுக்க எனக்குப் பயமில்லை. யாருக்கும் எதையும் எழுதிக் கொடு என்று யாரும் என்னைக் கேட்க முடியாது. கோர்ட்டே என் சார்பில் மாட்டேன் என்று சொல்லிவிட்ட மாதிரி.

இதில் சந்தோஷப்படுவது கோழைத்தனமா? இருக்கலாம். இருந்தாலும் இரண்டு தட்டு சோறு சாப்பிட்டேன்.

மே 26, ஞாயிறு

கோடை விடுமுறை முடிந்து கோர்ட் திறக்கப் போகிறது. அப்பாவின் வக்கீல் என் பேரில் ஒரு பதில் மனு தயாரித்து வாட்ஸ்அப்பில் அனுப்பியிருக்கிறார். பத்திரம் எழுதியபோது எனக்கு வழக்கு பற்றித் தெரியாது என்று முதலில். அது உண்மை. அடுத்த பாராவில்தான் இருக்கிறது. தாத்தாவின் பதினாறாம் நாள் காரியத்தன்று அத்தை எல்லோர் முன்னிலையிலும், எனக்குப் பங்கு வேண்டாம், கல்யாணத்துக்குப் போட்ட நகையே போதும் என்று சொன்னாளாம். நான் அதைக் காதால் கேட்டேனாம்.

எனக்கு அந்த நாள் நன்றாக ஞாபகம் இருக்கிறது. கூடத்தில் ஆண்கள் உட்கார்ந்து என்னவோ பேசிக்கொண்டிருந்தார்கள். அத்தை கிணற்றடியில் எச்சில் பாத்திரம் தேய்த்துக்கொண்டிருந்தாள். தேய்த்ததைத் துடைத்து வைத்தது நான். கூடத்துக்கு அவளை யாரும் கூப்பிடவே இல்லை. யாரும் அவளிடம் எதையும் கேட்கவே இல்லை.

ஜூன் 8, சனி

மஞ்சக்குப்பத்தில் வக்கீல் தமிழ்ச்செல்வி மேடத்தைப் பார்த்தேன். தோள்வலிக்கு என்னிடம் வந்தவர்தான். இன்றைக்கு நான் அவரிடம் நோயாளி. பத்திரம், நோட்டீஸ், அப்பாவின் வக்கீல் எழுதியது எல்லாவற்றையும் மேஜையில் வைத்தேன்.

முதலில் என் பயத்தைக் கேட்டார். அத்தை ஜெயித்தால் என் பத்திரம் செல்லாக்காசா? நான் ஏமாற்றுக்காரி என்று ஆகிவிடுமா? இல்லை என்றார். வழக்கு நடக்கும்போது சொத்து கைமாறினால் அந்த மாற்றம் தானாக ரத்தாகிவிடாது. ஆனால் வாங்கியவரையும் தீர்ப்பு கட்டுப்படுத்தும். தெரிந்து வாங்கினாலும் தெரியாமல் வாங்கினாலும் ஒன்றுதான்.

"கேஸ் நடக்குறப்ப எழுதி வாங்கினா, கேஸையும் சேர்த்து எழுதி வாங்கினதா அர்த்தம். உங்க அப்பாவுக்கு எவ்வளவு உண்டோ அவ்வளவுதான் உங்களுக்கு. பாதி அவருது. அந்தப் பாதி உங்களுதுதான், அத யாரும் புடுங்க முடியாது."

பிறகு எதற்குத் தடை என்று கேட்டேன். இப்படியே கைமாறிக் கைமாறிப் போனால் கடைசியில் அத்தை யாரைப் பிடித்துக் கேட்பாள், வீடே இடிந்துபோனால் எதைப் பிரிப்பார்கள் என்று திருப்பிக் கேட்டார். இருப்பது இருந்தபடி இருக்கட்டும் என்பதற்குத்தான் தடை. தண்டனை இல்லை.

அந்தப் பதினாறாம் நாள் பாராவைக் காட்டினேன். இது உண்மையா என்றார். இல்லை என்றேன். அப்படியென்றால் இதில் கையெழுத்துப் போடாதீர்கள், வேண்டுமானால் உங்களுக்கு நான் தனியாக ஆஜராகிறேன் என்றார்.

இரண்டு மாதமாக எல்லோரும் என்னிடம் கையெழுத்தைத்தான் கேட்டார்கள். உண்மையா என்று கேட்டது இவர்தான்.

ஜூன் 20, வியாழன்

சிதம்பரம் கோர்ட். வராந்தா பெஞ்சில் அத்தை உட்கார்ந்திருந்தாள். பார்த்து நாலு மாதமாகிறது. தண்ணீர் பாட்டிலை இடது கையால் தூக்கிக் குடித்தாள். வலது கையை மடியை விட்டு எடுக்கவே இல்லை. அருகில் போய் நின்று, வாய் தானாகக் கேட்டது: தோள் எப்போதிலிருந்து இப்படி? ரொம்ப நாளாச்சு, சாம்பார் அண்டா கிண்டுறப்ப புடிச்சிக்கிச்சு என்றாள். கையை எவ்வளவு தூக்க முடிகிறது என்று அங்கேயே பார்த்தேன். காது வரைகூட வரவில்லை. சுற்றி இருந்தவர்கள் வேடிக்கை பார்த்தார்கள்.

அப்புறம்தான் இரண்டு பேருக்கும் வழக்கு ஞாபகம் வந்தது.

"உன் மேல கேஸ் போட்டேன்னு நெனைக்காத பிரியா. உன் பேர்ல இருக்குற பத்திரத்து மேலதான் போட்டேன். வக்கீல் உன் பேர எழுதுனப்ப நான் வெளிய போய் நின்னுட்டேன்."

நானும் போன் செய்வதை விட்டுவிட்டேனே. அவளாகவே, அப்பா பிரஷர் மாத்திரை ஒழுங்காகப் போடுகிறாரா என்று விசாரித்தாள். ஒரே வீடு, ஒரே கிணறு. கடலூரில் இருக்கும் என்னைக் கேட்கிறாள்.

என்னை இரண்டாம் பிரதிவாதியாகச் சேர்த்தார்கள். தடை நீடித்தது. தமிழ்ச்செல்வி மேடம் என் பதில் மனுவைத் தாக்கல் செய்தார். சின்ன மனு. அத்தைக்குப் பாதி உண்டு என்பதை ஒப்புக்கொள்கிறேன், அப்பாவின் பாதி மட்டும் என்னைச் சேர்ந்தது, வழக்கு முடியும்வரை விற்க மாட்டேன்.

அப்பா வெளியே வந்து செருப்பை மாட்டிக்கொண்டே, "யாருக்குப் பொறந்த நீ" என்றார். கத்தவில்லை. மெதுவாகத்தான் சொன்னார். பதிலுக்கு நிற்காமல் போய்விட்டார்.

கத்தியிருக்கலாம்.

ஜூன் 21

இவரிடம் சொல்லப் பயமாக இருந்தது. கடை ஆசை போயிற்றே என்று. கேட்டுவிட்டு, தகராறு இல்லாத பாதி போதும், தகராறோடு முழுசு எதற்கு என்றார். அதைச் சொல்ல அவருக்கு எவ்வளவு கஷ்டமாக இருந்திருக்கும் என்று எனக்குத் தெரியும். பிறகு டிவியைப் போட்டு கிரிக்கெட் பார்த்தார்.

ஆகஸ்ட் 18

அப்பா போன் இல்லை. ஆவணி முதல் ஞாயிறு, நானே செய்தேன். எடுக்கவில்லை.

நவம்பர் 13, புதன்

வழக்கை சமரச மையத்துக்கு அனுப்பியிருந்தார்கள். கோர்ட் வளாகத்திலேயே ஒரு சின்ன அறை. சமரசம் செய்பவர் ஒரு மூத்த பெண் வக்கீல். எல்லாரும் வக்கீல்களை வெளியே வைத்துவிட்டுப் பேசுங்கள் என்றார்.

அப்பா சுவரைப் பார்த்துக்கொண்டே, என்னைக் கேக்காம கோர்ட்டுக்குப் போனா, அதான் எழுதி வெச்சேன் என்றார்.

"மூணு தடவ கேட்டேன். பொங்கலுக்குக் கேட்டேன், பாப்போம்னே. சித்திரையில கேட்டேன், பாப்போம்னே. மெஸ்சுக்கு லைசென்ஸ் வாங்க கேட்டப்பவும் பாப்போம்னே. எனக்கும் அம்பத்தெட்டு ஆச்சுண்ணே. கை தூக்க முடியல. நாளைக்கு அடுப்ப எடுன்னு எவனாவது சொன்னா நான் எங்க போவேன்?"

அப்பாவுக்கு என்னதான் வேண்டும் என்று அந்த அம்மா கேட்டார். அவர் பணமோ இடமோ சொல்வார் என்று நினைத்தேன். அப்பன் படுக்கையில கிடந்தப்ப பார்த்தது யாருன்னு யாராச்சும் சொல்லட்டும் என்றார். குரல் உடைந்துபோனது. நான் அவரை அப்படிப் பார்த்ததே இல்லை.

"நீதான்ணே பாத்த" என்றாள் அத்தை. "என் மாமியா வீட்டுல கேட்டுப் பாரு. எங்கண்ணன் அப்பாவ கையில புள்ளையாட்டம் வெச்சிருக்குன்னு நான் சொல்லாத ஆள் கெடையாது. உன்கிட்டதான் சொன்னதில்ல."

இன்றைக்கு ஒன்றும் முடிவாகவில்லை. அடுத்த தேதி கொடுத்தார்கள். அப்பா என்னிடம் பேசவில்லை. ஆனால் எழுந்து போகும்போது அத்தைக்கு வழிவிட்டு, கதவைப் பிடித்துக்கொண்டு நின்றார்.

டிசம்பர் 2, திங்கள்

புயலுக்குப் பிறகு ஆற்று வெள்ளம். எங்கள் தெருவில் முட்டி அளவு தண்ணீர், வாசற்படி வரை வந்து நின்றுவிட்டது. கரண்ட் இல்லை. போனில் கொஞ்சம்தான் சார்ஜ். அப்பா கூப்பிட்டார். ஆறு மாதத்துக்குப் பிறகு.

"தண்ணி உள்ள வந்துச்சா?"

வரலப்பா.

"மெயின் சுவிட்ச ஆஃப் பண்ணி வை. ஈரக் கையோட தொடாத."

அவ்வளவுதான். கையைத் துடைத்துக்கொண்டு போய் ஆஃப் செய்தேன்.

டிசம்பர் 14, சனி

மக்கள் நீதிமன்றத்தில் முடிந்தது.

பின்கட்டு, சமையல் கூடம், கிணறு, பக்கவாட்டுச் சந்து அத்தைக்கு. முன்கட்டு, அதில் வாடகைக்கு விட்டிருக்கும் கடை, மாடி என் பேரில். அளந்து பார்த்ததில் இரண்டும் ஏறக்குறைய சமம். முன்பக்க வாடகை அப்பா உயிரோடு இருக்கும்வரை அப்பாவுக்கே என்று எழுதச் சொன்னது நான். அதை வாசித்தபோது அப்பா தலை நிமிர்ந்து பார்த்துவிட்டு மறுபடி குனிந்துகொண்டார். மூன்று பேரும் கையெழுத்துப் போட்டோம். இந்தத் தடவை ஒவ்வொரு வரியும் நான் நினைத்ததுதான் எழுதியிருந்தது.

வழக்கோடு தடையும் போயிற்று. நாளைக்கே விற்க நினைத்தாலும் விற்கலாம் என்று தமிழ்ச்செல்வி மேடம் சிரித்தார். விற்கவில்லை மேடம் என்றேன். முன்கடையில் ஜெராக்ஸ் வைத்திருப்பவர் சித்திரையில் காலி செய்கிறார். மோட்டார் ரிப்பேருக்கு அந்த அளவு இடம் போதுமா என்று இவர் காலையிலேயே டேப்போடு கிளம்பிப் போய் அளந்துகொண்டிருந்தார். அப்பாவுக்கு வாடகை கொடுத்துவிடுவாராம், கறாராக.

வெளியே வந்ததும் அத்தை பிசியோதெரபிக்கு என்றைக்கு வர என்று கேட்டாள். செவ்வாய்க்கிழமை வரச் சொன்னேன்.

அப்பா என்னோடு பஸ் ஸ்டாண்டு வரை நடந்து வந்தார். ஜூன் மாதம் சொன்ன சொல்லைப் பற்றி ஏதாவது சொல்வார் என்று எதிர்பார்த்தேன். சொல்லவில்லை. கடலூர் பஸ்ஸில் கூட்டம். உள்ளே ஏறி ஒரு சீட்டில் தன் துண்டைப் போட்டு எனக்கு இடம் பிடித்துவிட்டு இறங்கினார். நான் அதில் உட்கார்ந்து வந்தேன்.

2025 பிப்ரவரி 18, செவ்வாய்

பட்டா மாற்றத்துக்காக அப்பாவும் அத்தையும் இன்று தாலுகா ஆபீஸ் போனார்கள்.

க்ளினிக்கில் இருக்கும்போது அப்பா போன். அத்தை ஆதார் நகலை வீட்டிலேயே வைத்துவிட்டு வந்துவிட்டாளாம், அப்பா வெயிலில் திரும்பிப் போய் எடுத்து வந்தாராம், வந்து பார்த்தால் அவள் வரிசையை விட்டுவிட்டுக் கிராம நிர்வாக அலுவலரோடு மெஸ் கதை பேசிக்கொண்டு நிற்கிறாளாம். இவளோட ஒரு காரியத்துக்கும் போகக் கூடாது பாப்பா என்றார். கால் மணி நேரம் ஓடியது.

வைத்த கையோடு அத்தை போன். உங்கப்பன் வாய வெச்சிக்கிட்டு சும்மா இல்லாம, அந்த கிளார்க்குகிட்ட சண்டைக்குப் போயி, அவரு நாளைக்கு வாங்கன்னு அனுப்பிட்டாரு, நாளைக்கும் இந்த ஆளோடதான் போயாவணும், ஜாஸ்தி பேசாதன்னு நீயாவது சொல்லு என்றாள். பின்னால் அப்பா குரல் கேட்டது, அவகிட்ட என்னத்த சொல்ற, போன இங்க குடு என்று.

எனக்கு அடுத்த பேஷண்ட் வந்துவிட்டார். இரண்டு பேரையும் நாளைக்கு வெயிலுக்கு முன்னால் கிளம்பச் சொல்லிவிட்டு வைத்தேன்.